'லைவ்' போட்டால் கறுப்புத் திரை!... கேம் தெரியாமல் தவிக்கும் வாலிபர்கள்... 'ஓ.பி.எஸ்.' கோளாறை காசு செலவில்லாமல் சரி செய்வது எப்படி?

சென்னை: யூ-டியூப்பில் கம்ப்யூட்டர் கேம் விளையாடுவதை நேரடியாக ஒளிபரப்பும் வாலிபர்களை ஒரு பிரச்சினை ஆட்டிப் படைத்து வருகிறது. அதுதான் கறுப்புத் திரை!

கேம் நன்றாக ஓடுகிறது. மைக்கில் பேசுவது கேட்கிறது. ஓரத்தில் முகமும் தெரிகிறது. ஆனால் கேம் தெரிய வேண்டிய இடத்தில் மட்டும் அமாவாசை இருட்டு. "அண்ணா, ஒண்ணுமே தெரியல", "ப்ரோ, ஸ்கிரீன் பிளாக்கா இருக்கு" என்று பார்வையாளர்கள் வரிசையாக எழுதத் தொடங்குகிறார்கள். இரண்டு நிமிடம் பொறுத்துப் பார்ப்பார்கள். அப்புறம் அடுத்த சேனலுக்கு தாவி விடுவார்கள்.

இது வெறும் பொழுதுபோக்கு விஷயம் என்று ஒதுக்கி விட முடியாது. யூ-டியூப்பில் விளம்பர வருமானம் வர வேண்டுமானால் 1,000 சந்தாதாரர்கள் வேண்டும். அதோடு கடைசி 12 மாதத்தில் 4,000 மணி நேரம் வீடியோ பார்க்கப்பட்டிருக்க வேண்டும். (அல்லது 90 நாளில் குறும்படங்களான 'ஷார்ட்ஸ்' 1 கோடி முறை பார்க்கப்பட வேண்டும்). நிமிடம் நிமிடமாக சேர்க்கும் நேரத்தை கறுப்புத் திரை விழுங்கி விடுகிறது.

இதைவிட பெரிய ஆபத்து ஒன்றும் இருக்கிறது. பதற்றத்தில் இன்டர்நெட்டில் தேடி, 'இந்த பைலை போட்டால் சரியாகி விடும்' என்று யாரோ சொல்வதை நம்பி கண்டதையும் டவுன்லோடு செய்பவர்கள், சேனலையே பறிகொடுக்கும் நிலை ஏற்படுகிறது.

உண்மையில் கறுப்புத் திரைக்கு பெரும்பாலும் கம்ப்யூட்டர் கெட்டுப் போனது காரணம் அல்ல. புதிய கிராபிக்ஸ் கார்டு வாங்கவும் தேவையில்லை. வெளியில் இருந்து எந்த பைலும் வேண்டாம். சாவி கம்ப்யூட்டரின் செட்டிங்குக்குள்ளேயே இருக்கிறது. அதை எங்கே தேடுவது என்பதை பார்ப்போம்.

இது அரசியல் அல்ல

ஓ.பி.எஸ். என்றதும் முன்னாள் முதல்-அமைச்சர் நினைவுக்கு வந்தால் அது நம்ம ஊர் பழக்கம். இங்கே சொல்லப்படுவது 'ஓ.பி.எஸ். ஸ்டுடியோ' என்ற சாப்ட்வேர். ஓபன் பிராட்காஸ்டர் சாப்ட்வேர் என்பதன் சுருக்கம்.

2012-ம் ஆண்டு செப்டம்பரில் முதல் முறையாக வெளியிடப்பட்டது. முழுக்க முழுக்க இலவசம். இதன் மூல நிரலையும் யார் வேண்டுமானாலும் பார்க்கலாம். கேம், கேமரா, மைக், படங்கள் என எல்லாவற்றையும் ஒரே திரையில் கோர்த்து யூ-டியூப், ட்விட்ச் போன்ற தளங்களுக்கு அனுப்புவதுதான் இதன் வேலை.

கேம் படத்தை பிடிப்பதற்கு இதில் மூன்று வழிகள் உண்டு. 'கேம் கேப்சர்', 'விண்டோ கேப்சர்', 'டிஸ்பிளே கேப்சர்'. இந்த மூன்றுக்கும் உள்ள வித்தியாசம் புரிந்தாலே பாதி தலைவலி தீர்ந்து விடும்.

கொக்கி போடும் வித்தை

டிஸ்பிளே கேப்சர் என்பது மானிட்டரில் தெரிவது அத்தனையையும் அப்படியே பிடிப்பது. விண்டோ கேப்சர் என்பது ஏதாவது ஒரு ஜன்னலை மட்டும் பிடிப்பது.

கேம் கேப்சர் வேறு ரகம். இது மானிட்டரை பார்ப்பதில்லை. ஓடிக் கொண்டிருக்கும் கேமுக்குள் ஒரு சிறிய பைலை நுழைத்து கொக்கி போடுகிறது. கேம் ஒவ்வொரு படத்தையும் வரைந்து முடித்து மானிட்டருக்கு அனுப்பும் கடைசி நொடியில், அதை ஓ.பி.எஸ்.சும் எடுத்துக் கொள்கிறது.

படம் கிராபிக்ஸ் கார்டின் நினைவகத்தை விட்டு வெளியே போய் வருவதில்லை. அதனால் வேகம் அதிகம். கம்ப்யூட்டருக்கு சுமை குறைவு. கேம் ஒளிபரப்புக்கு முதலில் இதைத்தான் பயன்படுத்த வேண்டும் என்று சொல்வதற்கு காரணம் இதுவே.

ஆனால் கொக்கி மாட்டினால்தான் படம். மாட்டாவிட்டால் கறுப்பு. ஆகவே கேள்வி ஒன்றே ஒன்றுதான். கொக்கி ஏன் மாட்டவில்லை?

கேம் கேப்சர் என்ற வசதி விண்டோஸ் கம்ப்யூட்டருக்கு உரியது. ஆப்பிள் மேக் கம்ப்யூட்டரில் 'மேக் ஓ.எஸ். ஸ்கிரீன் கேப்சர்' என்ற வேறு வழியை பயன்படுத்த வேண்டும். அங்கே போய் கேம் கேப்சரை தேடி அலைய வேண்டாம்.

முதலில் இதை பாருங்க

பெரிய வைத்தியத்துக்கு போகும் முன் சின்னச் சின்ன விஷயங்களை சரி பார்க்க வேண்டும்.

ஓ.பி.எஸ்.சில் கீழே 'சோர்சஸ்' பட்டியல் இருக்கும். கேம் கேப்சர் பக்கத்தில் உள்ள கண் படம் மூடியிருந்தால் படம் தெரியாது. பட்டியலில் மேலே இருப்பது கீழே இருப்பதை மறைக்கும். முழுத்திரை அளவுக்கு ஒரு பின்னணி படத்தை கேமுக்கு மேலே வைத்து விட்டு, கேம் தெரியலையே என்று தலையை பிய்த்துக் கொள்பவர்களும் உண்டு. கேம் கேப்சரை பிடித்து மேலே இழுத்து விட்டால் போதும்.

படம் மூலையில் சின்னதாக தெரிந்தாலோ, பாதி வெட்டுப்பட்டு இருந்தாலோ அது கோளாறே அல்ல. அதை கிளிக் செய்து கன்ட்ரோல், எப் பட்டன்களை சேர்த்து அழுத்தினால் திரை முழுவதும் பொருந்திக் கொள்ளும்.

அடுத்து 'மோட்'. கேம் கேப்சரை இரட்டை கிளிக் செய்தால் இது வரும். 'எனி புல் ஸ்கிரீன் அப்ளிகேஷன்' என்று இருந்தால், திரை முழுவதும் ஓடும் கேமை மட்டும்தான் அது தேடும். கேமை சிறிய ஜன்னலில் ஓட விட்டால் கண்டு கொள்ளாது. அப்போது 'ஸ்பெசிபிக் விண்டோ' என்று மாற்றி, பட்டியலில் அந்த கேமின் பெயரை தேர்ந்தெடுக்க வேண்டும். கேமை ஓட விட்ட பிறகே அதன் பெயர் பட்டியலில் வரும் என்பது குறிப்பிடத்தக்கது.

ஏமாற்றும் ஆல்ட்-டேப்

ஒரே ஒரு மானிட்டர் வைத்திருப்பவர்களை ஏமாற்றும் விஷயம் ஒன்று உண்டு. கேமை முழுத்திரையில் ஓட விட்டு, படம் வருகிறதா என்று பார்க்க ஆல்ட், டேப் பட்டன்களை அழுத்தி ஓ.பி.எஸ்.சுக்கு வருவார்கள். அங்கே கறுப்பாக இருக்கும். அல்லது படம் உறைந்து நிற்கும்.

உண்மையில் கோளாறு எதுவும் இல்லை. முழுத்திரை கேமை விட்டு வெளியே வந்ததுமே பல கேம்கள் தன்னை சுருக்கிக் கொண்டு, படம் வரைவதை நிறுத்தி விடுகின்றன. வரையாத படத்தை யார் பிடிப்பது? கேமுக்கு திரும்பியதும் ஒளிபரப்பு சரியாகத்தான் போய்க் கொண்டிருக்கும்.

இதை கண்டுபிடிக்க சுலபமான வழி, 'ஸ்டார்ட் ரெக்கார்டிங்' அழுத்தி விட்டு ஒரு நிமிடம் விளையாடி, பிறகு அந்த வீடியோவை போட்டுப் பார்ப்பதுதான். லைவ் ஓடும்போது என்றால் செல்போனில் சொந்த சேனலை திறந்து பார்க்கலாம். கேமின் செட்டிங்கில் 'பார்டர்லெஸ் விண்டோ' என்ற வசதி இருந்தால் அதற்கு மாறிக் கொண்டால் இந்த தொல்லையே இருக்காது.

லேப்டாப்பில் இரண்டு கிராபிக்ஸ்

இப்போது முக்கிய குற்றவாளிக்கு வருவோம். லேப்டாப் வைத்திருப்பவர்களின் கறுப்புத் திரைக்கு அடிக்கடி காரணமாக இருப்பது இதுதான்.

கேமிங் லேப்டாப் பலவற்றில் கிராபிக்ஸ் வேலைக்கு இரண்டு பேர் இருக்கிறார்கள். ஒருவர், பிராசசருக்குள்ளேயே இருக்கும் சிறிய கிராபிக்ஸ். மின்சாரம் குறைவாக சாப்பிடுவார். இன்னொருவர், என்விடியா அல்லது ஏ.எம்.டி.யின் தனி கிராபிக்ஸ் சிப். வேகமானவர். பேட்டரியை காலி செய்பவர்.

எந்த சாப்ட்வேரை யார் கையில் கொடுப்பது என்பதை விண்டோஸ் தானாக முடிவு செய்கிறது. கேமை பெரியவரிடம் கொடுக்கிறது. ஓ.பி.எஸ்.சை, 'இது சாதாரண சாப்ட்வேர்தானே' என்று நினைத்து சின்னவரிடம் கொடுத்து விடுவதும் உண்டு.

கேம் கேப்சருக்கு இருவரும் ஒரே கிராபிக்சில் இருக்க வேண்டும். ஒரு வீட்டு சமையலறையில் ஆக்கிய சோற்றை பக்கத்து வீட்டு சமையலறையில் இருந்து கரண்டி போட்டு எடுக்க முடியுமா? அதே கதைதான். கேம் ஒரு சிப்பின் நினைவகத்தில் படம் வரைகிறது. ஓ.பி.எஸ். இன்னொரு சிப்பில் உட்கார்ந்து கொண்டு தேடுகிறது. முடிவு, கறுப்புத் திரை.

இதை கண்டுபிடிக்க டாஸ்க் மேனேஜரை திறக்க வேண்டும். 'பிராசசஸ்' பக்கத்தில் மேலே உள்ள தலைப்பு வரிசையில் வலது கிளிக் செய்து 'ஜி.பி.யு. என்ஜின்' என்பதை தேர்ந்தெடுக்க வேண்டும். கேமுக்கு நேராக 'ஜி.பி.யு. 1' என்றும், ஓ.பி.எஸ்.சுக்கு நேராக 'ஜி.பி.யு. 0' என்றும் காட்டினால் திருடன் பிடிபட்டு விட்டான் என்று அர்த்தம்.

சரி செய்வது எப்படி?

விண்டோஸ் 10, 11 இரண்டிலும் வழி ஒன்றுதான். முதலில் ஓ.பி.எஸ்.சை மூடி விட வேண்டும்.

'செட்டிங்ஸ்', 'சிஸ்டம்', 'டிஸ்பிளே', அதில் கீழே 'கிராபிக்ஸ்' என்று போக வேண்டும். பட்டியலில் ஓ.பி.எஸ். இல்லாவிட்டால் 'பிரவுஸ்' அழுத்தி சேர்க்க வேண்டும். சி டிரைவில் 'புரோகிராம் பைல்ஸ்', 'ஓ.பி.எஸ்.-ஸ்டுடியோ', 'பின்', '64பிட்' என்று போனால் 'ஓ.பி.எஸ். 64' என்ற பைல் இருக்கும். அதை சேர்த்து, 'ஆப்ஷன்ஸ்' போய் 'ஹை பெர்பாமன்ஸ்' என்று மாற்றி சேமிக்க வேண்டும். பிறகு ஓ.பி.எஸ்.சை திறந்தால் படம் பளிச்சென்று வந்து விடும்.

கேம் மட்டும் சின்ன கிராபிக்சில் மாட்டிக் கொள்வதும் உண்டு. 'மைன்கிராப்ட்' கேமின் ஜாவா பதிப்பு இதற்கு உதாரணம். அது ஜாவா என்ற பெயரில் ஓடுவதால் விண்டோஸ் அதை கேம் என்று அடையாளம் காணாமல் போகலாம். அப்போது அந்த ஜாவா பைலையும் இதே பட்டியலில் சேர்த்து 'ஹை பெர்பாமன்ஸ்' கொடுக்க வேண்டும்.

இன்னொரு விஷயம் கவனிக்க வேண்டும். டிஸ்பிளே கேப்சருக்கு இது தலைகீழ்! லேப்டாப் திரை பெரும்பாலும் சின்ன கிராபிக்சோடுதான் இணைந்திருக்கும். திரையை பிடிக்க வேண்டுமானால் ஓ.பி.எஸ்.சும் அங்கேயே இருப்பது நல்லது. அதனால் டிஸ்பிளே கேப்சர் கறுப்பாக வந்தால் 'பவர் சேவிங்' என்று மாற்ற வேண்டும். ஒருவருக்கு வேலை செய்த வைத்தியம் இன்னொருவருக்கு பலிக்காமல் போவதன் ரகசியம் இதுதான். இருவரும் வெவ்வேறு கேப்சரை பயன்படுத்தியிருப்பார்கள்.

எதை மாற்றியும் நடக்கவில்லையா? கேம் கேப்சர் செட்டிங்கில் 'எஸ்.எல்.ஐ., கிராஸ்பயர் கேப்சர் மோட்' என்று ஒரு கட்டம் உண்டு. அதை டிக் செய்தால் படம் சுற்று வழியில் வரும். வேகம் குறையும். ஆகவே இதை கடைசி ஆயுதமாக மட்டும் வைத்துக் கொள்ளலாம்.

அட்மினிஸ்ட்ரேட்டர் அதிகாரம்

சில கேம்கள் 'அட்மினிஸ்ட்ரேட்டர்' அதிகாரத்தோடு ஓடுகின்றன. ஓ.பி.எஸ். சாதாரண அதிகாரத்தோடு ஓடினால் அந்த கேமுக்குள் நுழைய விண்டோஸ் விடாது. கலெக்டர் அறைக்குள் அனுமதி சீட்டு இல்லாமல் நுழைய முடியாதது போல!

இதற்கு ஓ.பி.எஸ். ஐகானில் வலது கிளிக் செய்து 'ரன் ஆஸ் அட்மினிஸ்ட்ரேட்டர்' கொடுத்தால் போதும். தினமும் செய்ய சோம்பலாக இருந்தால் 'பிராப்பர்டீஸ்', 'கம்பாட்டிபிலிட்டி' பக்கத்தில் ஒரு முறை டிக் செய்து வைக்கலாம். இதில் இன்னொரு லாபமும் உண்டு. கேம் கிராபிக்ஸ் கார்டை முழுசாக ஆக்கிரமிக்கும்போது, ஓ.பி.எஸ்.சுக்கு கொஞ்சம் முன்னுரிமை கிடைக்கும்.

இவ்வளவு பெரிய அதிகாரத்தை கொடுக்கும்போது, அந்த ஓ.பி.எஸ். அசல்தானா என்பது மிக முக்கியம். அது பற்றி பின்னால் பார்க்கலாம்.

மோசடி தடுப்பு காவலாளி

துப்பாக்கி சண்டை கேம்களில் திருட்டுத்தனமாக ஜெயிக்க சிலர் குறுக்கு வழி சாப்ட்வேர்களை பயன்படுத்துவது உண்டு. சுவருக்கு அந்தப் பக்கம் இருக்கும் எதிரியை காட்டுவது, குறி தானாக விழுவது என பல வித்தைகள். இதை தடுக்க 'ஆன்டி சீட்' என்ற காவலாளியை கேம் நிறுவனங்கள் வைத்துள்ளன.

பிரச்சினை என்னவென்றால், அந்த மோசடி சாப்ட்வேர்களும் கேமுக்குள் கொக்கி போட்டுத்தான் நுழைகின்றன. ஓ.பி.எஸ்.சும் அதே வாசல் வழியாகத்தான் போகிறது. காவலாளிக்கு சந்தேகம் வருவது இயல்புதானே!

'கவுன்டர் ஸ்டிரைக்: குளோபல் அபென்சிவ்' கேமில் 2020-ம் ஆண்டு 'டிரஸ்டட் மோட்' என்ற பாதுகாப்பு கொண்டு வரப்பட்டபோது இதுதான் நடந்தது. ஓ.பி.எஸ்.சின் கேம் கேப்சர் தடுக்கப்பட்டு, ஒளிபரப்பாளர்கள் தவித்தார்கள். வெளி சாப்ட்வேர்களை அனுமதிக்கும் கட்டளையுடன் கேமை திறந்தால் படம் வந்தது. ஆனால் அப்படி விளையாடினால் வீரரின் நம்பகத்தன்மை மதிப்பெண் குறையக்கூடும் என்று கேம் நிறுவனம் எச்சரித்தது.

இதற்காகவே கேம் கேப்சர் செட்டிங்கில் 'ஆன்டி சீட் கம்பாட்டிபிலிட்டி ஹூக்' என்ற கட்டம் உள்ளது. அது டிக் ஆகியிருக்க வேண்டும். அப்படியும் முடியாவிட்டால் விண்டோ கேப்சருக்கு மாறி விடுவதுதான் புத்திசாலித்தனம். 'ஆன்டி சீட்டை ஏமாற்றும் பைல்' என்று யாராவது கொடுத்தால் வாங்கவே கூடாது. வருடக்கணக்கில் விளையாடி சேர்த்த கணக்கு ஒரே நாளில் முடக்கப்பட்டு விடும்.

ஒரு கேமுக்கு எத்தனை கொக்கி?

ஓ.பி.எஸ். மட்டும்தான் கொக்கி போடுகிறது என்று நினைக்க வேண்டாம். டிஸ்கார்டு, ஸ்டீம், என்விடியா போன்றவை கேம் மேல் காட்டும் 'ஓவர்லே', வேகத்தை எண்ணிக் காட்டும் 'ரிவா ட்யூனர்' போன்ற சாப்ட்வேர்களும் அதே வேலையை செய்பவைதான்.

ஒரே குழாயடியில் நாலு குடத்தை வைத்தால் சண்டை வரத்தானே செய்யும்? இவற்றை ஒவ்வொன்றாக அணைத்துப் பார்த்து, எது முட்டுக்கட்டை என்று கண்டுபிடிக்கலாம். எல்லாவற்றையும் ஒரே நேரத்தில் மாற்றினால், எதனால் சரியானது என்பதே தெரியாமல் போய் விடும். ஒன்றை மாற்று, சோதித்துப் பார், அப்புறம் அடுத்தது. இதுதான் சரியான முறை.

கடைசி வழியில் ஓ.டி.பி. ஆபத்து

கேம் கேப்சர் எப்படியும் முடியவில்லை என்றால் விண்டோ கேப்சர். அதில் 'கேப்சர் மெத்தட்' என்ற இடத்தில் 'விண்டோஸ் 10' என்று இருப்பதை தேர்ந்தெடுத்தால், பழைய முறையில் கறுப்பாக வரும் பல ஜன்னல்கள் தெரிய ஆரம்பித்து விடும். விண்டோஸ் 10 கம்ப்யூட்டரில் அந்த ஜன்னலை சுற்றி மஞ்சள் கோடு தெரியலாம். பயப்பட வேண்டாம். 'இது படம் பிடிக்கப்படுகிறது' என்று விண்டோஸ் காட்டும் அடையாளம் அது.

அதுவும் முடியாவிட்டால்தான் டிஸ்பிளே கேப்சர். இதில் ஒரு வில்லங்கம் உண்டு. மானிட்டரில் வருவது எல்லாம் ஊருக்கே தெரியும். வாட்ஸ்-அப் செய்தி, மெயில், பாஸ்வேர்டு, பேங்க் ஓ.டி.பி. என்று எது வந்து எட்டிப் பார்த்தாலும் அது நேரடி ஒளிபரப்பு!

அதனால் டிஸ்பிளே கேப்சரை பயன்படுத்துபவர்கள் முதலில் கம்ப்யூட்டர் நோட்டிபிகேஷன்களை அணைத்து விட்டு, வாட்ஸ்-அப், மெயில் பக்கங்களை மூடி விட வேண்டும்.

பழைய கம்ப்யூட்டர் வைத்திருப்பவர்கள்

2022-ம் ஆண்டு வெளியான ஓ.பி.எஸ். 28-வது பதிப்பு முதல் விண்டோஸ் 7, 8 ஆகியவற்றுக்கும், 32 பிட் கம்ப்யூட்டர்களுக்கும் ஆதரவு நிறுத்தப்பட்டு விட்டது. அந்த கம்ப்யூட்டர்களில் புதிய ஓ.பி.எஸ். ஓடாது. விண்டோஸ் 10-க்கும் மைக்ரோசாப்ட் நிறுவனம் 2025-ம் ஆண்டு அக்டோபர் 14-ந் தேதியோடு வழக்கமான ஆதரவை முடித்துக் கொண்டது. கிராபிக்ஸ் டிரைவரையும் அவ்வப்போது அப்டேட் செய்ய வேண்டும்.

பிளே ஸ்டேஷன், செல்போன் கேம்

பிளே ஸ்டேஷனை 'கேப்சர் கார்டு' மூலம் கம்ப்யூட்டரில் இணைப்பவர்களுக்கும் கறுப்புத் திரை வரும். அதற்கு காரணம் வேறு. சினிமாவை திருட்டுத்தனமாக பதிவு செய்வதை தடுக்க 'எச்.டி.சி.பி.' என்ற பூட்டு அதில் உள்ளது.

பிளே ஸ்டேஷன் 5-ல் 'செட்டிங்ஸ்', 'சிஸ்டம்', 'எச்.டி.எம்.ஐ.' என்று போய் 'எனேபிள் எச்.டி.சி.பி.' என்பதை அணைத்து விட்டால் கேம் தெரியும். அணைத்திருக்கும்போது சினிமா பார்க்கும் சில ஆப்கள் ஓடாது. பிறகு மீண்டும் போட்டுக் கொள்ளலாம். கம்ப்யூட்டரில் நெட்பிளிக்ஸ் போன்றவற்றை பிடிக்க முயன்றால் கறுப்பாக வருவதும் இது போன்ற பூட்டால்தான். அது கோளாறு அல்ல. காப்புரிமை பாதுகாப்பு.

ஆண்ட்ராய்டு செல்போனில் விளையாடுபவர்கள், செல்போன் திரையை கேபிள் மூலம் கம்ப்யூட்டர் ஜன்னலில் காட்டும் 'எஸ்.சி.ஆர்.சி.பி.ஒய்.' என்ற இலவச சாப்ட்வேரை பயன்படுத்தலாம். பிறகு அந்த ஜன்னலை விண்டோ கேப்சரில் பிடித்தால் வேலை முடிந்தது. அந்த ஜன்னலை சுருக்கி வைத்து விடக் கூடாது. சுருக்கினால் படம் நின்று விடும்.

படம் வருது... ஆனா திக்குது!

கறுப்புத் திரை போய் விட்டது. ஆனால் பார்ப்பவர்களுக்கு மட்டும் படம் விட்டு விட்டு வருகிறது. உடனே 'நெட் சரியில்ல' என்று இன்டர்நெட் கம்பெனிக்கு போன் போட்டு சண்டை பிடிக்க வேண்டாம். குற்றவாளி யார் என்பதை ஓ.பி.எஸ்.சே சொல்லி விடும்.

'வியூ' மெனுவில் 'ஸ்டாட்ஸ்' என்ற பெட்டி உண்டு. அதில் மூன்று கணக்குகள் இருக்கும்.

'ரெண்டரிங் லேக்' என்ற எண் ஏறினால் கிராபிக்ஸ் கார்டு மூச்சு வாங்குகிறது என்று அர்த்தம். கேமின் வேகத்தை வினாடிக்கு 60 பிரேம் என்று கட்டுப்படுத்தி, கிராபிக்ஸ் தரத்தை ஒரு படி குறைக்க வேண்டும்.

'என்கோடிங் லேக்' ஏறினால் படத்தை சுருக்கி அனுப்பும் வேலை தாங்கவில்லை. ஓ.பி.எஸ். 'அவுட்புட்' செட்டிங்கில் என்விடியா, இன்டெல், ஏ.எம்.டி. என்று எந்த சிப் இருக்கிறதோ அதன் என்கோடரை தேர்ந்தெடுக்க வேண்டும். அல்லது 1080 என்பதை 720 ஆக குறைக்க வேண்டும்.

'டிராப்டு பிரேம்ஸ்' ஏறினால் மட்டுமே இன்டர்நெட் மேல் சந்தேகப்படலாம். வை-பைக்கு பதில் லேன் கேபிள் போட்டு, பிட்ரேட்டை குறைத்துப் பார்க்க வேண்டும்.

நோயை சொல்லும் ரிப்போர்ட்

இத்தனைக்கும் பிறகும் மசியவில்லையா? டாக்டரிடம் போனால் ரத்தப் பரிசோதனை ரிப்போர்ட் கேட்பது போல, ஓ.பி.எஸ்.சுக்கும் ஒரு ரிப்போர்ட் உண்டு. அதுதான் 'லாக் பைல்'.

கேமை ஓட விட்டு, அரை நிமிடமாவது ரெக்கார்டிங் செய்து நிறுத்தி விட்டு, 'ஹெல்ப்' மெனுவில் 'லாக் பைல்ஸ்' போய் 'அப்லோடு கரன்ட் லாக் பைல்' கொடுக்க வேண்டும். அதை ஓ.பி.எஸ். அதிகாரப்பூர்வ தளத்தில் உள்ள 'அனலைசர்' படித்து, எங்கே தப்பு என்று பட்டியல் போட்டுக் கொடுத்து விடும். எத்தனை கிராபிக்ஸ் இருக்கிறது, ஓ.பி.எஸ். எதில் ஓடுகிறது, அட்மினிஸ்ட்ரேட்டர் அதிகாரம் இருக்கிறதா என்பதெல்லாம் அதில் தெரியும். இதற்கும் கட்டணம் கிடையாது.

சேனலை பறிக்கும் போலி பைல்

இப்போது மிக முக்கியமான எச்சரிக்கை.

2023-ம் ஆண்டு ஜனவரியில் கூகுள் தேடலில் ஓ.பி.எஸ்., வி.எல்.சி. போன்ற பிரபல இலவச சாப்ட்வேர்களின் பெயரில் போலி விளம்பரங்கள் வந்தன. தேடல் முடிவின் உச்சியில் வரும் விளம்பரத்தை அசல் தளம் என்று நம்பி ஓ.பி.எஸ். டவுன்லோடு செய்த வெளிநாட்டு டிஜிட்டல் சொத்து வியாபாரி ஒருவர், கிரிப்டோ பணத்தையும், சமூக வலைத்தள கணக்குகளையும் பறிகொடுத்தார். செய்தது ஒரே ஒரு கிளிக்தான்!

இது போன்ற திருட்டு பைல்கள் பாஸ்வேர்டை மட்டும் குறி வைப்பதில்லை. பிரவுசரில் ஏற்கனவே 'லாக்-இன்' ஆகியிருக்கும் அடையாள சீட்டான 'குக்கீ'யை சுருட்டுகின்றன. அது கையில் இருந்தால் பாஸ்வேர்டும் வேண்டாம், ஓ.டி.பி.யும் வேண்டாம். நேராக உள்ளே போய் விடலாம்.

யூ-டியூப் சேனல்களை இப்படி திருடும் கும்பல் பற்றி கூகுள் நிறுவனமே 2021-ம் ஆண்டு அக்டோபரில் அறிக்கை வெளியிட்டது. திருடப்பட்ட சேனல்கள், சந்தாதாரர் எண்ணிக்கையை பொறுத்து 3 டாலர் முதல் 4,000 டாலர் வரை விலை போனதாக அதில் கூறப்பட்டிருந்தது. 2023-ம் ஆண்டு மார்ச் மாதம் கனடாவை சேர்ந்த 'லைனஸ் டெக் டிப்ஸ்' என்ற பிரபல தொழில்நுட்ப சேனலே இந்த முறையில் கைப்பற்றப்பட்டு பரபரப்பு ஏற்பட்டது. கம்ப்யூட்டரில் கரை கண்டவர்களுக்கே இந்த கதி என்றால், பிளஸ்-2 மாணவன் என்ன செய்வான்?

ஆகவே ஓ.பி.எஸ்.சை அதன் அதிகாரப்பூர்வ தளமான ஓ.பி.எஸ். புராஜெக்ட் டாட் காம், அல்லது மைக்ரோசாப்ட் ஸ்டோர், ஸ்டீம் ஆகியவற்றில் இருந்து மட்டும் எடுக்க வேண்டும். 'கறுப்புத் திரையை போக்கும் பைல்' என்று தனியாக எதுவும் தேவையே இல்லை. 'ஆன்டி வைரசை ஆப் பண்ணிட்டு இதை இன்ஸ்டால் பண்ணுங்க' என்று ஒருவர் சொன்னால், அங்கேயே உஷாராகி விட வேண்டும். வீட்டு நாயை கட்டிப் போடச் சொல்லி விட்டு வருபவன் விருந்தாளியா, திருடனா?

ஏமாந்து பணம் போய் விட்டால், நேரம் கடத்தாமல் 1930 என்ற சைபர் குற்ற உதவி எண்ணுக்கு போன் செய்ய வேண்டும். எவ்வளவு சீக்கிரம் சொல்கிறோமோ அவ்வளவு தூரம் பணத்தை மடக்கி நிறுத்த வாய்ப்பு அதிகம்.

பெற்றோர் கவனத்துக்கு

யூ-டியூப்பில் லைவ் செய்வதற்கான குறைந்தபட்ச வயதை 2025-ம் ஆண்டு ஜூலை 22-ந் தேதி முதல் 16 ஆக அந்த நிறுவனம் உயர்த்தி விட்டது. புதிதாக லைவ் தொடங்குபவர்கள் முதலில் போன் நம்பர் கொடுத்து சேனலை உறுதி செய்ய வேண்டும். அனுமதி கிடைக்க 24 மணி நேரம் வரை ஆகலாம். முதல் நாள் லைவ் வராததற்கு ஓ.பி.எஸ். மேல் பழி போட வேண்டாம்.

"படம் தெரியல, புது கிராபிக்ஸ் கார்டு வாங்கிக் கொடு" என்று பிள்ளை அடம் பிடித்தால், பணத்தை எடுக்கும் முன் ஒரு நாள் அவகாசம் கேளுங்கள். மேலே சொன்ன செட்டிங்குகளை வரிசையாக பார்க்கச் சொல்லுங்கள்.

சுருக்கமாக...

* கண் படம், வரிசை, 'மோட்' மூன்றையும் பாருங்க.

* ரெக்கார்டிங் செய்து சோதியுங்க. ஆல்ட்-டேப்பை நம்பாதீங்க.

* லேப்டாப் என்றால் கேமும் ஓ.பி.எஸ்.சும் ஒரே கிராபிக்சில் இருக்கணும்.

* அட்மினிஸ்ட்ரேட்டர் அதிகாரம் கொடுங்க.

* ஓவர்லேக்களை ஒவ்வொன்றாக அணைத்துப் பாருங்க.

* முடியாவிட்டால் விண்டோ கேப்சர். கடைசியாக டிஸ்பிளே கேப்சர்.

* வெளி ஆட்கள் கொடுக்கும் பைல் எதுவும் வேண்டவே வேண்டாம்.

கல்யாணத்துக்கு முதல் நாளே மைக் செட்டை போட்டுப் பார்ப்பது போல, லைவ் தொடங்குவதற்கு கால் மணி நேரம் முன்பே ஒரு நிமிடம் ரெக்கார்டு செய்து பார்ப்பதை பழக்கமாக்கிக் கொள்ள வேண்டும். கோளாறு இருந்தால் அது வீட்டுக்குள்ளேயே தெரிந்து விடும். ஊருக்கு தெரியாது.